சுதந்திராக் கட்சியில் தோட்டத்துப் பிள்ளைகளுக்கு என்ன இருக்கிறது?

#1 கிராணி மகன்

மலேசியாவில், நம் சுங்கை சிப்புட்டில் அரசியல் பேச்சு எடுத்தால் அது மூன்று பேரைச் சுற்றித்தான் ஓடும். சம்பந்தன், சாமிவேலு, டாக்டர் ஜெயகுமார். முதல் இருவரும் ம.இ.கா. (மலேசிய இந்திய காங்கிரஸ்) தலைவர்கள், டாக்டர் சோசலிஸ்ட். ம.இ.கா.வா, சோசலிசமா என்று இரண்டு தடத்திலேயே இத்தனை காலம் ஓட்டிவிட்டோம். சந்தைப் பொருளாதாரம் என்று ஒரு தடமும் உண்டு, இந்தியாவில் அதற்கென்றே கட்சி கட்டியவர் ஒரு தமிழர் என்று சொன்னால் கோப்பிக் கடையில் பாதிப் பேர் நம்ப மாட்டார்கள். ராஜாஜியின் சுதந்திராக் கட்சியைத்தான் சொல்கிறேன்.

தெரியாதவர்களுக்காகக் கதையைச் சொல்லிவிடுகிறேன். 1959 ஜனவரியில் நாக்பூரில் காங்கிரஸ் மாநாடு கூடியது. இனி விவசாயம் கூட்டுறவுப் பண்ணை முறையில் நடக்க வேண்டும் என்று தீர்மானம் போட்டார்கள். பட்டா உன் பெயரில் இருக்கும், ஆனால் நிலத்தை எல்லோரோடும் சேர்த்துப் போட்டுக் கூட்டாக உழ வேண்டும். நேரு இதில் மிகவும் பிடிப்பாக இருந்தார். ஆந்திராவில் விவசாயிகள் இயக்கம் நடத்திய என்.ஜி. ரங்கா காங்கிரஸை விட்டே வெளியேறினார். அந்த ஜூன் மாதம் சென்னையில் புதுக் கட்சி அறிவிக்கப்பட்டது. ராஜாஜிக்கு அப்போது வயது 80. கவர்னர் ஜெனரல் பதவி, முதல்வர் பதவி எல்லாம் பார்த்து முடித்து, பேரப் பிள்ளைகளோடு உட்கார வேண்டிய வயதில் கட்சி தொடங்குகிறார். ரங்கா தலைவர், மினு மசானி பொதுச் செயலாளர். இந்த மசானி 1934இல் காங்கிரஸ் சோசலிஸ்ட் கட்சியைத் தொடங்கியவர்களில் ஒருவர். சோசலிசத்தை வீட்டுக்குள் இருந்து பார்த்துவிட்டு வெளியே வந்த ஆள்.

கட்சிக்கு 21 கொள்கைகள். எல்லாவற்றையும் எழுதப் போவதில்லை. சாரம் இவ்வளவுதான்: மனிதனுக்குச் சொத்து வைத்துக்கொள்ளவும், பிடித்த தொழிலைச் செய்யவும் உரிமை வேண்டும். அரசு தொழிற்சாலை நடத்துவதையும் கடை நடத்துவதையும் குறைத்துக்கொள்ள வேண்டும், வரி அளவோடு இருக்க வேண்டும். 1951இல் வந்த தொழில் சட்டப்படி இந்தியாவில் ஆலை தொடங்கவும் லைசென்ஸ், இருப்பதைப் பெரிதாக்கவும் லைசென்ஸ். இதைத்தான் ராஜாஜி 'பெர்மிட் லைசென்ஸ் கோட்டா ராஜ்ஜியம்' என்று ஓயாமல் சாடினார். இன்னொன்று எனக்கு ரொம்பப் பிடித்தது. அடிப்படைக் கொள்கையைத் தவிர மற்ற விஷயங்களில் உறுப்பினர் தன் மனசாட்சிப்படி பேசலாம், ஓட்டுப் போடலாம். நம் ஊர்க் கட்சிக்காரர்கள் இதைப் படித்தால் சிரிப்பார்கள்.

1962 பொதுத் தேர்தலில் 18 நாடாளுமன்ற இடம். 1967இல் 44, காங்கிரஸுக்கு அடுத்த பெரிய கட்சி. 1971இல் வெறும் 8. 1974இல் சரண் சிங் தலைமையில் உருவான கட்சியில் போய்க் கரைந்தது. பிறந்து 15 வருடத்தில் கதை முடிந்தது.

தோட்டத்தில் பிறந்த நமக்கு அதில் எடுத்துக்கொள்ள ஏதாவது உண்டா? உண்டு என்பது என் வாதம். எதிர்ப்பவர்கள் வரலாம்.

#2 செம்பனை

வந்துவிட்டேன் அண்ணே. அது ராஜாக்கள் கட்சி. இதை நீங்கள் எழுதாமல் விட்டது தற்செயலா?

ஜெய்ப்பூர் மகாராணி காயத்ரி தேவி 1962இல் எந்தக் கட்சியில் நின்றார்? பதிவான 2,46,516 ஓட்டில் 1,92,909 அவருக்கு. பீகாரில் ராம்கர் ராஜா. ஒரிசாவில் பட்னா சமஸ்தானத்து ராஜா ஆர்.என். சிங் தேவ், 1967இல் அங்கே முதலமைச்சரே ஆனார். நிலம் வைத்திருந்தவனும் அரண்மனை வைத்திருந்தவனும் நில உச்சவரம்புக்குப் பயந்து கட்டிய கட்சிக்குப் பெயர் சுதந்திரம்! பால்மரம் வெட்டினவனுக்கு அதில் என்ன சுதந்திரம்? அவன் படுத்திருந்த லயத்து வீடே (தோட்டத்து வரிசை வீடு) தோட்டத்துக்குச் சொந்தம். வேலை போனால் வீடும் போச்சு.

#3 கிராணி மகன்

தம்பி, ராஜாக்கள் இருந்தார்கள், இல்லை என்று யார் சொன்னது? வட இந்தியாவில் கட்சிக்கு ஆள்பலம் அவர்களால்தான் வந்தது, கெட்ட பெயரும் அவர்களால்தான் வந்தது. ஆனால் ரங்கா எந்த அரண்மனை? குஜராத்தில் அந்தக் கட்சி 1967இல் 66 சட்டமன்ற இடம் பிடித்தது. அங்கே அதன் முதுகெலும்பு பட்டேல் விவசாயிகள். ஐந்து ஏக்கர், பத்து ஏக்கர்க்காரனுக்குத்தான் கூட்டுப் பண்ணை என்றால் குலை நடுங்கும். ராஜாவுக்கு நிலம் போனால் ஓட்டல் கட்டிக்கொள்வான்.

கடைசியில் நீங்கள் எழுதியிருக்கிறீர்களே, 'வேலை போனால் வீடும் போச்சு' என்று. அந்த ஒரு வரியைப் பிடித்து வையுங்கள். நான் சொல்ல வந்ததே அதுதான்.

#4 ஒட்டுப்பால்

நான் ஓய்வு பெற்ற தமிழ்ப்பள்ளி ஆசிரியை. இவர்கள் இருவரும் இந்தியாவையே சுற்றிக்கொண்டிருக்கிறார்கள். அதே காலத்தில் இங்கே என்ன நடந்தது என்று பாருங்கள்.

சுதந்திரம் கிடைத்த கையோடு வெள்ளைக்காரத் துரைமார்கள் தோட்டங்களை விற்றுவிட்டுக் கிளம்பினார்கள். வாங்கியவர்கள் துண்டு போட்டு விற்றார்கள். தோட்டத் துண்டாடல் என்று பெரியவர்கள் சொல்வார்களே, அது. ஆயிரம் ஏக்கர் தோட்டம் பத்தும் இருபதுமாகப் பிரிந்தது. புது முதலாளிக்கு லயமும் வேண்டாம், பள்ளிக்கூடமும் வேண்டாம், கோயிலும் வேண்டாம். சனங்கள் சட்டி பானையோடு ரோட்டுக்கு வந்தார்கள். சட்டப்படி யாரும் தப்புச் செய்யவில்லை. சொத்து உரிமையாளர் தன் சொத்தைத் தன் இஷ்டப்படி விற்றார், அவ்வளவுதான். கிராணி மகன் கொண்டாடும் சந்தை அது.

அதற்கு நம் ஊர்க்காரர் சம்பந்தன் கண்டுபிடித்த பதில் என்ன? 1960இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கம். ஆளுக்கு மாதம் 10 வெள்ளி (நம் நாட்டுப் பணம்). அடுத்த வருடமே கெடாவில் புக்கிட் சீடிம் தோட்டத்தை வாங்கினார்கள். என் அப்பா அந்தச் சங்கத்துப் புத்தகத்தை முருகன் படத்துக்குப் பின்னால் செருகி வைத்திருப்பார். சம்பள நாளன்று 10 வெள்ளியை எடுத்துத் தனியாக மடித்து வைத்த பிறகுதான் அம்மா கடைச் சாமான் எழுதவே உட்காருவார். அந்த மாதம் கருவாடு குறையும், 10 வெள்ளி குறையாது.

ஆக, அங்கே ராஜாஜி கூட்டுறவை எதிர்த்துக் கட்சி தொடங்குகிறார், இங்கே தமிழன் கூட்டுறவால்தான் தப்பிக்கிறான். இதற்கு என்ன பதில்?

#5 கிராணி மகன்

டீச்சர், இந்தக் கேள்விக்காகத்தான் இழையைத் தொடங்கினேன்.

ராஜாஜியும் ரங்காவும் எதிர்த்தது கூட்டுறவை அல்ல. கடன் சங்கம், உரம் வாங்கித் தரும் சங்கம், விளைச்சலை விற்றுத் தரும் சங்கம் எல்லாம் ரங்காவுக்கு உடன்பாடே. நிலத்தை ஒன்றாகப் போட்டுக் கூட்டாக உழுவது என்பதைத்தான் எதிர்த்தார்கள். முதலில் விருப்பம் என்பீர்கள், பிறகு கடன் வேண்டுமானால் சேர், விதை வேண்டுமானால் சேர் என்பீர்கள், கடைசியில் சொந்த வரப்பில் நிற்க அதிகாரியிடம் கேட்க வேண்டி வரும் என்பது அவர்கள் பயம். சீனாவில் 1958இல் மக்கள் கம்யூன் தொடங்கிவிட்டது, அந்தச் செய்தியும் சேர்ந்து வந்துகொண்டிருந்த நேரம்.

சம்பந்தன் சங்கத்தை இந்தத் தராசில் வைத்துப் பாருங்கள். யார் நிலத்தையும் பிடுங்கவில்லை. விற்கிறவன் கேட்ட விலையைக் கொடுத்து, சந்தையில், சொந்தக் காசில் வாங்கினார்கள். சேர் என்று யாரும் கட்டாயப்படுத்தவில்லை. கருவாட்டைக் குறைத்துச் சேமித்த பணம் அது. உங்கள் அப்பா முருகன் படத்துக்குப் பின்னால் வைத்திருந்தது சொத்துப் பத்திரம், டீச்சர். சம்பந்தனும் ரப்பர் தோட்டம் வைத்திருந்த குடும்பத்துப் பிள்ளை, நிலத்தின் மதிப்பு அவருக்கு நன்றாகத் தெரியும். அந்தச் சங்கத்தில் ராஜாஜிக்கு ஒரு குறையும் தெரிந்திருக்காது என்றே நினைக்கிறேன்.

செம்பனை சொன்ன வரிக்கு வருகிறேன். வீடு முதலாளியுடையது, கள்ளுக்கடை முதலாளியுடையது, ஆஸ்பத்திரி முதலாளியுடையது. இப்படி இருக்கிறவன் பெரட்டுக் களத்தில், காலையில் ஆள் கூப்பிடும் இடத்தில், மண்டோரை (மேஸ்திரியை) எதிர்த்து எப்படி வாய் திறப்பான்? கையில் ஒரு துண்டு நிலம், ஒரு சொந்த வீடு இருந்தால்தான் மனிதனுக்குக் குரல் வரும். இது சுதந்திராக் கட்சியின் வாதம், அதை நம்மைவிட நன்றாகப் புரிந்துகொள்ளக்கூடிய சனம் உலகத்தில் இல்லை. ஆனால் சொத்து இருப்பவனுக்கு அதைக் காப்பாற்றிக் கொடுப்பதைப் பற்றித்தான் அந்தக் கட்சி பேசியது, இல்லாதவனுக்கு அது எப்படிக் கிடைக்கும் என்று பேசவே இல்லை. அதில்தான் தோற்றது என்பேன்.

#6 தாமான் வாசி

தத்துவம் எனக்கு அவ்வளவாகத் தெரியாது. பெர்மிட் ராஜ்ஜியம் என்றால் என்ன என்று தெரியும்.

அப்பா ஈப்போவில் டாக்சி ஓட்டினார். பெர்மிட் ஒரு கம்பெனி பேரில், ஸ்டீரிங் அப்பா கையில். தினசரி வாடகை கட்ட வேண்டும். மழை பெய்தாலும், காடி (கார்) பட்டறையில் கிடந்தாலும், தைப்பூசத்துக்கு வண்டியை எடுக்காவிட்டாலும் வாடகை உண்டு. முன் சீட்டுக் கதவுப் பையில் '555' என்ற சின்னக் கணக்கு நோட்டுப் புத்தகம் ஒன்று இருக்கும். இடது பக்கம் ஓட்டிய காசு, வலது பக்கம் கம்பெனி காசு. சில நாள் இடது பக்கம் வலது பக்கத்தை விடச் சிறியதாக இருக்கும், அன்றைக்கு வீட்டில் யாரும் எதுவும் கேட்க மாட்டோம். சொந்தப் பெர்மிட்டுக்கு மனுப் போட்டுப் போட்டு ஓய்ந்துவிட்டார். பெர்மிட் வாங்கிய ஆள் ஒருநாள்கூட டாக்சி ஓட்டியிருக்க மாட்டார்.

காடி இறக்குமதிக்கு ஏ.பி. பெர்மிட் இருக்கிறதே, அதுவும் இதே கதைதான். அரிசி இறக்குமதியை 1996இலிருந்து பெர்னாஸ் என்ற ஒரே கம்பெனிதான் செய்கிறது. அரசாங்கம் நடத்தியதை அப்போது தனியாருக்குக் கொடுத்தார்கள், ஆனால் போட்டி மட்டும் வரவில்லை. சுதந்திராக் கட்சிக்காரர்கள் இதை எந்தப் பெட்டியில் போடுவார்கள்?

#7 கிராணி மகன்

பெர்மிட் பெட்டியில்தான். அரசு கையில் இருந்த ஏகபோகத்தை ஒரு தனியார் கையில் கொடுத்தால் அது சந்தை ஆகிவிடாது. மசானி நாடாளுமன்றத்தில் வருடா வருடம் பட்ஜெட்டைக் கிழித்துப் பேசியது இதைத்தான். லைசென்ஸ் முறையால் ஏழைக்கு ஒன்றும் கிடைக்காது, டெல்லியில் ஆள் வைத்திருக்கும் பெரிய முதலாளிக்குத்தான் கொண்டாட்டம். அதனால்தான் பெரிய தொழிலதிபர்கள் பலர் சுதந்திராவுக்குக் கொஞ்சம் கொடுத்துவிட்டு, காங்கிரஸுக்கு நிறையக் கொடுத்தார்கள். லைசென்ஸ் கிடைத்துவிட்டவனுக்குச் சந்தை எதற்கு?

#8 லிந்தாங் பெரியவர்

இளைஞர்கள் ஒரு விஷயத்தை விட்டுவிட்டீர்கள். ராஜாஜி இதையெல்லாம் பேச்சோடு நிறுத்தவில்லை. 1952இல் சென்னை முதல்வராக வந்தபோது யுத்த காலத்திலிருந்து அரிசிக்கு ரேஷன், கட்டுப்பாடு. ஒரு ஜில்லாவிலிருந்து இன்னொரு ஜில்லாவுக்கு நெல் கொண்டுபோக அனுமதி வேண்டும். பதவிக்கு வந்த சில வாரத்திலேயே ஜூன் மாதம் அத்தனையையும் தூக்கிவிட்டார். பஞ்சம் வரும், கலவரம் வரும் என்று பயமுறுத்தினார்கள். பதுக்கி வைத்திருந்த நெல் கடைக்கு வந்தது. டெல்லியில் உணவு மந்திரி ரஃபி அகமது கித்வாய் துணைக்கு நின்றார், கையிருப்பும் இருந்தது, அதையும் சொல்ல வேண்டும்.

ஆனால் 1967இல் அதே ராஜாஜி தி.மு.க.வோடு கூட்டு. ரூபாய்க்கு மூன்று படி அரிசி என்று மேடைக்கு மேடை வாக்குக் கொடுத்த கட்சியோடு! காங்கிரஸை இறக்க வேண்டும், இந்தித் திணிப்பை நிறுத்த வேண்டும் என்று காரணம். கூட்டு ஜெயித்தது, சுதந்திராவுக்குச் சென்னைச் சட்டமன்றத்தில் 20 இடம் கிடைத்தது. யாரும் அவரிடம் அரிசி விலை பற்றி யோசனை கேட்கவில்லை. 1971இல் ஒரேயடியாகத் திரும்பி, வாழ்நாள் முழுக்கச் சண்டை போட்ட காமராஜரோடு கை கோத்தார். அதிலும் தோல்வி. கொள்கையில் இரும்பு, கூட்டணியில் மெழுகு.

#9 செம்பனை

பெரியவரே, இன்னொரு முரண்பாடு உண்டு. சுதந்திரம், சந்தை என்று பேசிய ஆள்தான் 1937இல் சேலத்தில் மதுவிலக்குக் கொண்டுவந்தவர். குடிக்கிறவனுக்குக் குடிக்கச் சுதந்திரம் இல்லையா? அதில் போன வருமானத்தை ஈடுகட்ட 1939இல் விற்பனை வரி போட்டதும் அவர்தான். இன்றைக்குக் கோப்பிக் கடை பில்லில் எஸ்.எஸ்.டி. (விற்பனை, சேவை வரி) பார்த்துப் புலம்புகிற சந்தை விரும்பிகள் கொஞ்சம் யோசிக்க வேண்டும்.

#10 ஒட்டுப்பால்

செம்பனை தம்பி, கள்ளைப் பற்றி மட்டும் தோட்டத்துப் பெண்களிடம் வாதாட வராதே.

தோட்டக் கள்ளுக்கடை சந்தையில் வந்த கடையா? அரசாங்கம் லைசென்ஸ் கொடுத்தது, தோட்ட நிர்வாகம் நடத்தியது. காலையில் கொடுத்த சம்பளம் சாயங்காலம் அதே கைக்குத் திரும்பிப் போகும். 1941 கிள்ளான் தோட்டத் தொழிலாளர் வேலைநிறுத்தத்தில் தொழிலாளர் தலைவர் ஆர்.எச். நாதன் பக்கத்தார் வைத்த கோரிக்கைகளில் கள்ளுக்கடையை மூடு என்பதும் ஒன்று. அவரை நாடு கடத்தினார்கள். 1947இல் பீடோங் ஹார்வர்டு தோட்டத்துப் பக்கம் தொண்டர் படை கள்ளுக்கடைக்கு எதிராகக் கிளம்பியபோது போலீஸ் வந்தது, உயிர் போனது. எந்தக் கொள்கைப் புத்தகத்தையும் படித்துவிட்டு அவர்கள் கிளம்பவில்லை.

ராஜாஜி இதில் முரண்பட்டார் என்றே வைத்துக்கொள்வோம். அந்த முரண்பாட்டுக்கு எங்கள் பாட்டிமார்கள் ஓட்டுப் போட்டிருப்பார்கள். 1953இல் அரை நாள் பள்ளிக்கூடம் என்று கொண்டுவந்தாரே, மீதி நேரம் அப்பன் தொழிலைக் கற்றுக்கொள் என்று, அதற்கு நான் போட்டிருக்க மாட்டேன். பால்வெட்டுக்காரன் பிள்ளை மத்தியானம் பால் வெட்டவா? அந்தத் திட்டத்தால்தான் அவர் பதவியே போனது. கிராணி மகன் அதைப் பேசமாட்டார் போலிருக்கிறது.

#11 கிராணி மகன்

பேசுகிறேன் டீச்சர். அதற்கு நான் வக்காலத்து வாங்கப் போவதில்லை. தொழில் செய்ய லைசென்ஸ் கேட்காதே என்று சொல்லும் மனிதர், பிறப்பைப் பார்த்துத் தொழிலைக் காட்டும் திட்டத்தைக் கொண்டுவந்தது அவருடைய பிற்காலக் கட்சிக்கே விரோதம். தமிழ்நாட்டில் அந்தக் கட்சி வேர்விடாததற்கு அதுவும் ஒரு காரணம். பிராமணர் கட்சி என்ற முத்திரை கடைசிவரை போகவில்லை.

பெரியவர் 1971 தோல்வியைத் தொட்டார், அதன் முன்கதை இது. 1969 ஜூலையில் இந்திரா காந்தி 14 வங்கிகளை அரசுடைமை ஆக்கினார். அதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் போனவர் சுதந்திராக் கட்சியின் ஆர்.சி. கூப்பர். 1970 பிப்ரவரியில் வழக்கிலும் ஜெயித்தார்! சில நாளில் புதுச் சட்டம் போட்டு அரசு அதே வங்கிகளை எடுத்துக்கொண்டது. கோர்ட்டில் ஜெயித்த கட்சியை 'வறுமையை ஒழிப்போம்' என்ற கோஷம் தேர்தலில் அடித்துப்போட்டது. வங்கிக் கணக்கே இல்லாதவனிடம் போய் வங்கி உரிமையாளரின் உரிமையைப் பேசினால் வேறு என்ன நடக்கும்?

1972 டிசம்பரில் ராஜாஜி காலமானார். 1991 ஜூலையில் அதே காங்கிரஸ், நரசிம்ம ராவும் மன்மோகன் சிங்கும், பெரும்பாலான தொழில்களுக்கு லைசென்ஸ் முறையை எடுத்துவிட்டார்கள்.

#12 லிந்தாங் பெரியவர்

இதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். 1989இலிருந்து இந்தியாவில் கட்சி பதிவு செய்ய வேண்டுமானால் அதன் விதிகளில் சோசலிசத்துக்கு விசுவாசம் என்று எழுதிக் கொடுக்க வேண்டும். சட்டம் அப்படி. நாளைக்கு யாராவது சுதந்திராக் கட்சியை மறுபடி தொடங்க நினைத்தால் முதல் பக்கத்திலேயே பொய் எழுத வேண்டும்.

நம் நாட்டில் நேர்மாறு. டாக்டர் ஜெயகுமாரின் பி.எஸ்.எம். (மலேசிய சோசலிசக் கட்சி) 1998இல் தொடங்கி, பதிவு கிடைத்தது 2008இல். டாக்டர் அந்த வருடம் இங்கே சாமிவேலுவைத் தோற்கடித்ததும் வேறொரு கட்சியான கெஅடிலான் சின்னத்தில்தான். அங்கே சோசலிசம் சொன்னால்தான் பதிவு, இங்கே சோசலிசம் சொன்னால் பதிவு இல்லை. இரண்டு நாட்டிலும் மேசைக்குப் பின்னால் உட்கார்ந்திருப்பவர் ஒரே மாதிரி ஆள்.

#13 செம்பனை

அது நல்ல அடி, பெரியவரே. ஆனால் கிராணி மகன் அண்ணனுக்கு என் கேள்வி அப்படியே நிற்கிறது. டீச்சர் சொன்ன 10 வெள்ளிச் சங்கம் எத்தனை பேரைக் காப்பாற்றியது? துண்டாடலில் வீடு போனவர்களில் பெரும்பாலோருக்குச் சங்கத் தோட்டம் கிடைக்கவில்லை. ரப்பர் போய்ச் செம்பனை வந்து, தாமான் (வீடமைப்புக் குடியிருப்பு) வந்து, பிறகும் தோட்டத்து வீட்டைக் காலி செய் என்று நோட்டீஸ் வந்தபோது கூடவே நின்றவர்கள் சோசலிஸ்டுகள். சொத்துரிமை பேசுகிறவர் ஒருவரும் வரவில்லை.

#14 கிராணி மகன்

வரவில்லை, உண்மை. வந்திருக்க வேண்டும் என்பதுதான் என் கோபமும்.

ஒன்று கேட்கிறேன். 1991இல் நம் நில எடுப்புச் சட்டத்தைத் திருத்தினார்கள். பொருளாதார வளர்ச்சிக்கு உதவும் என்று அரசு கருதினால் உன் நிலத்தை எடுத்துத் தனியார் ஒருவருக்கும் கொடுக்கலாம். இரண்டு ஏக்கர் வைத்திருக்கும் சிறுதோட்டக்காரனுக்கு இதைவிட ஆபத்து வேறு என்ன? இதை எதிர்க்க ராஜாஜி வழி வந்தவனும் டாக்டர் வழி வந்தவனும் ஒரே பக்கம் நிற்க வேண்டும். ஒருவன் சொத்து என்பான், ஒருவன் ஏழை என்பான், நிலம் ஒன்றுதானே? மூன்று தலைமுறை ஒரே லயத்தில் இருந்து மரம் நட்டவனுக்கு அந்த இடத்தில் ஒரு உரிமை பிறக்கிறது என்று சந்தை பேசுகிறவர்கள் ஏற்க வேண்டும். ஏற்காவிட்டால் அது துரைக்கு மட்டும் சொத்துரிமை.

#15 தாமான் வாசி

நடுவில் ஒரு சின்னத் தகவல். கைப்பேசியில் வண்டி கூப்பிடும் ஆப் வந்த பிறகு அப்பா டாக்சியைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, சொந்தக் காடியில் ஓட்டினார். பெர்மிட் வாடகை ஒழிந்தது. முதல் வருடம் அவர் முகத்தில் இருந்த சிரிப்பைப் பார்த்திருந்தால் நானும் சுதந்திராக் கட்சியில் சேர்ந்திருப்பேன்.

#16 செம்பனை

கமிஷன் எவ்வளவு பிடிக்கிறார்கள் தம்பி? அதையும் எழுது.

#17 தாமான் வாசி

பிடிக்கிறார்கள் அண்ணே, ஏற்றிக்கொண்டே போகிறார்கள். ஆனால் ஓடினால்தான் பிடிப்பார்கள். தைப்பூசத்துக்கு வண்டியை நிறுத்திவிட்டு ஈப்போ கல்லுமலைக்குக் காவடி பார்க்கப் போகலாம், யாருக்கும் வாடகை கட்ட வேண்டாம். அப்பாவுக்கு அது போதுமாம். எனக்குப் போதாது. ஓட்டுநர்கள் சேர்ந்து சம்பந்தன் மாதிரி ஒரு சங்கம் போட்டுச் சொந்தமாக ஆப் நடத்த முடியுமா என்று நாலு பேர் பேசிக்கொண்டிருக்கிறோம். டீச்சர், சங்கக் கணக்கு வழக்குத் தெரிந்தவர் யாராவது இருந்தால் சொல்லுங்கள்.